இருவர் ஆட்டம்

மாலை நாலு பத்துக்கு நான் அந்த ஆட்டப் பெட்டியின் சுவிட்சை 'இருவர்' பக்கம் தள்ளினேன். பத்தாம் வகுப்பில் தோற்ற மகளைத் தேற்றத்தான் செங்கல்பட்டிலிருந்து மாமல்லபுரம் அழைத்துப் போயிருந்தேன். எழுபதுகளின் கடைசி. கடற்கரை விடுதியில் புதிதாக ஒரு வீடியோ விளையாட்டு. திரையில் ஒரு பாம்பு நீண்டுகொண்டே போகும். அந்தப் பெட்டியைப் பார்த்துக்கொண்ட ஒல்லியான மனிதர், ஒவ்வோர் ஆட்டம் முடிந்ததும் தோள்துண்டால் திரைக் கண்ணாடியைத் துடைப்பார்.

"பாப்பா தனியா ஆடட்டும் சார். ரெண்டு பேர்னா ஒருத்தர ஒருத்தர் மடக்கணும்" என்றார்.

நான் கேட்கவில்லை. மூன்று முறை மகளின் பாம்பை மடக்கினேன். "இதுலயும் ஃபெயிலா?" என்றேன். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள். திரும்பினால் அவளைக் காணோம்.

கரையெங்கும் கத்தித் திரிந்தேன். கடைசியில் அந்த ஒல்லி மனிதர்தான் மூச்சிரைக்க வந்தார்.

"பொண்ணு படகாண்ட குந்திகினு கீது."

ஓடப் போனேன். என் கையை இறுகப் பிடித்து, முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "நீங்க கிட்ட வந்தா தண்ணியில எறங்கிடுவேன்னு சொல்லுது சார்."