யோகனுக்கு நான் சொல்லிக்கொடுத்த பதில்

எண்பதுகளின் நடுவில், துபாய் அல் கூஸில் ஒரு தொழிலாளர் கேம்ப் அறையில் நானும் யோகனும் இருந்தோம். இருவரும் யாழ்ப்பாணம். நான் கிளார்க், அவன் வெல்டர். கனடாவில் குடியேற இருவருமே விண்ணப்பித்தோம். என்னை மறுத்துவிட்டார்கள். ஆங்கிலத்தில் தட்டுத்தடுமாறும் அவனுக்கு நேர்முகத்துக்குக் கடிதம் வந்தது. அன்றிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

“அண்ணை, இங்கிலீசில பதில் சொல்ல என்னைப் பழக்கி விடுங்கோ,” என்று கேட்டான். டியூட்டி முடிந்து தினமும் பழக்கினேன்.

“அங்க வெல்டிங் வேலை கிடைக்காட்டி என்ன செய்வாய் எண்டு கேட்டால்?” என்றான் ஒருநாள்.

“துபாய்க்கே திரும்பி வந்திடுவன் எண்டு சொல்லு,” என்றேன். அப்படிச் சொல்பவனை எடுக்கமாட்டார்கள் என்று எனக்கு நன்றாகத் தெரியும். அவன் நம்பி மனப்பாடம் செய்தான். நேர்முகத்துக்குப் புறப்பட்ட காலையில் அவனுக்கு நானே டை கட்டிவிட்டேன். அப்போதும் அந்தப் பதிலைத் திருத்தவில்லை.

மாலையில் தயங்கியபடி வந்தான்.

“குறை நினையாதேங்கோ அண்ணை. அந்தக் கேள்வியைக் கேட்டவங்கள். பயத்தில நீங்கள் சொல்லித் தந்தது மறந்து போச்சு. எந்த வேலையெண்டாலும் செய்வன், கோப்பையும் கழுவுவன் எண்டு வாயில வந்ததைச் சொல்லிப் போட்டன்.”

“பிறகு?”

“எடுத்திட்டாங்கள். ஆனா நீங்கள் பட்ட பாட்டை வீணாக்கிப் போட்டனே!”

வாழ்த்துக்கூடச் சொல்லாமல் குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். அவன் கனடா போகும்வரை உண்மையைச் சொல்லவில்லை. அவன் தேறியதில் அன்றும் எனக்குப் பொறாமைதான். ஆனால் அந்தப் பதில் அவனுக்கு மறக்காமல் இருந்திருந்தால் என்ற பயம் அதைவிடப் பெரிதாக இருந்தது. இன்றும் இருக்கிறது.