துணைக்குரல் பிறின்சி

பேசாலையில் றெனால்ட் என்று கேட்டால் நாலு பேரைக் காட்டுவார்கள். ‘கவ்போய் றெனால்ட்’ என்று கேட்டால் நேரே படகு எஞ்சின் திருத்தும் கொட்டிலுக்குக் கூட்டிவந்து விடுவார்கள். வயது அறுபத்து நாலு. மனுசன் குதிரையைக் கிட்ட நின்று பார்த்ததே இல்லை. மன்னார் ரோட்டில் படுத்துக் கிடக்கிற கழுதைகளில்கூட ஏறியதில்லை. கலியாண வீடுகளில் கன்ட்றிப் பாட்டுப் பாடியதால் ஒட்டிக்கொண்ட பட்டம் அது.

அமெரிக்காவின் மலையோரத்து ஏழைச் சனங்கள் பிடிலும் பான்ஜோவும் வைத்துப் பாடிய பாட்டு பேசாலைக்கு எப்படி வந்தது? வந்த வழி ஒன்றும் சிக்கலானதல்ல. அங்கே றேடியோவில் ஏறியது, இசைத்தட்டில் ஏறியது, கப்பலில் கொழும்புக்கு வந்தது. அங்கிருந்து றெயிலில் வந்து, தலைமன்னார்த் துறையில் வேலை செய்த பறங்கிக்காரரின் குவாட்டர்சில் இறங்கியது. வேலிக்கு இந்தப் பக்கம் நின்று கேட்ட பேசாலைப் பொடியன் செபமாலையைப் பிடித்தது. செபமாலையின் கூட்டாளி றெனால்டையும் விடவில்லை. இரண்டு பேரும் ஆளுக்கொரு கிற்றாரோடு திரிந்தார்கள்.

அந்தப் பாட்டுகளில் இருப்பது அம்மா, றெயில், சாராயம், ஆண்டவர். இந்த நாலையும் அறியாத வீடு பேசாலையில் ஏது? ஆனால் பாட்டின் அர்த்தம் அப்போது ஒருவருக்கும் தெரியாது. கசற்றைத் திருப்பித் திருப்பிப் போட்டு, இங்கிலீஷ் சொற்களைத் தமிழ் எழுத்தில் கொப்பியில் எழுதித்தான் பாடமாக்கினார்கள். மெதுவான பாட்டெல்லாம் கோயில் பாட்டு என்பது சனத்தின் முடிவு. ஒரு குடிகாரனின் புலம்பல் பாட்டுக்கு, பெரியவர் ஒருவர் எழும்பி நின்று சிலுவை அடையாளம் போட்டதும் நடந்தது.

எண்பத்தாறில் றெனால்ட் பிறின்சியைக் கட்டினார். கோயில் பாடகர் குழுவில் பாடிக்கொண்டிருந்தவள். அதுவரை கிற்றார் மட்டும் அடித்த றெனால்டும் அவளோடு சேர்ந்துதான் வாய் திறந்தார். ஒரே மைக்கில் இரண்டு பேரும். பின்னால் கதிரை போட்டுக் கிற்றாரோடு செபமாலை. அறிவிப்பாளர்மார் ஒவ்வொரு முறையும், “பாடுபவர் றெனால்ட், துணைக்குரல் பிறின்சி” என்று சொல்வார்கள். அந்தத் ‘துணைக்குரல்’ வரும்போது பிறின்சி சிரிப்பாள். சண்டை முற்றி இந்தியாவுக்கு ஓடி, மண்டபம் அகதி முகாமில் போய்க் கிடந்த காலத்திலும் பாடினார்கள். அங்கே மைக் இல்லை, அறிவிப்பாளரும் இல்லை.

போன வருசம் பங்குனியில் பிறின்சி செத்துப்போனாள். காய்ச்சல் என்று படுத்தாள், நெஞ்சில் சளி கட்டியது, ஐந்தாம் நாள் முடிந்தது. றெனால்ட் அழவில்லை. பெட்டிக்குச் சொன்னார், குழிக்குச் சொன்னார், வந்தவர்களுக்குத் தேத்தண்ணி போதுமா என்று பார்த்தார். அடுத்த கிழமை கொட்டிலைத் திறந்து, பாதியில் விட்ட எஞ்சினைப் பூட்டி முடித்தார். ஊர் சும்மா இருக்குமா? “மனுசன் கல்லுப்போல நிக்கிறார்” என்றார்கள். கல்லுக்குக்கூட வெயில் சுடும். றெனால்டுக்கு அதுவும் தெரியவில்லை. சோறு தின்றால் சோறு, படுத்தால் பாய், அவ்வளவுதான். தனக்கு என்னவோ கெட்டுப்போய்விட்டது என்று அவருக்கே விளங்கியது. எங்கே திறந்து பார்ப்பது என்றுதான் தெரியவில்லை.

செத்த வீட்டில் ஆண்டுப் பூசை முடியும்வரை பாட்டுச் சத்தம் கேட்கக்கூடாது. கிற்றாரைச் சீலையால் சுற்றி அலுமாரிக்கு மேல் வைத்தார். பாடவேண்டும் என்று ஒருநாளும் தோன்றாததால் அது கஷ்டமாகவும் இல்லை.

மகள் கிருஷிகா கனடாவில் இருக்கிறாள். தாய் சாகும்போது வயிற்றில் எட்டு மாதம்; வர முடியவில்லை. ஆண்டுப் பூசைக்கு இரண்டு கிழமை இருக்க அவள் போனில் கேட்டாள்.

“அப்பா, பூசை முடிஞ்சு வீட்டை வந்தாப்பிறகு, நீங்களும் அம்மாவும் பாடுற அந்த றெயில் பாட்டை ஒருக்காப் பாடுங்கோ. நான் பதிஞ்சு வைக்கப்போறன். அம்மா பாடின பாட்டு ஒண்டும் எங்களிட்ட இல்லை. பிள்ளைக்கு என்னத்தைக் குடுக்கிறது?”

“ஓம்” என்றார் றெனால்ட்.

எத்தனை கலியாண வீடு! ஒருவரும் பதிந்து வைக்கவில்லை. தன்னிடம் உள்ள ஒரே பொருள் அந்தப் பாட்டுத்தான் என்று அவருக்கு அப்போதுதான் உறைத்தது. அழத்தான் முடியவில்லை, இதையாவது ஒழுங்காகச் செய்துவிட வேண்டும் என்று நினைத்தார்.

ஆண்டுப் பூசையன்று மத்தியானம், சாப்பாடு முடிந்து கைகழுவிய சனம் முற்றத்தில் இருந்தது. போனைக் கதிரையில் ஒரு செம்போடு சாய்த்து வைத்தார்கள். அதற்குள் கிருஷிகாவும் மடியில் பிள்ளையும். அங்கே விடியற்காலை. றெனால்ட் கிற்றாரை முறுக்கிச் சுருதி சேர்த்துப் பாடத் தொடங்கினார். குரல் பிசகவில்லை. சொல் ஒன்றும் மறக்கவில்லை. முதல் அடி முடிந்து இரண்டாம் அடிக்குப் போனபோது முற்றத்தில் ஆளை ஆள் பார்த்தார்கள்.

“அப்பா, இது எந்தப் பாட்டு?” என்றாள் கிருஷிகா.

“றெயில் பாட்டுத்தான் பிள்ளை.”

“சொல்லு அதுதான். ஆனா அது இப்பிடி இல்லையே.”

திரும்பவும் தொடக்கத்திலிருந்து பாடினார். இப்போது அவருக்கே கேட்டது. தொய்ந்து தொய்ந்து, ஏறவேண்டிய இடத்தில் ஏறாமல், ஒரே மட்டத்தில் இழுபட்டுக்கொண்டு போனது. கையை எடுத்துவிட்டார்.

செபமாலைதான் சொன்னார். “டேய், நீ அடிக்குரலைப் பாடுறாய். மெட்டைப் பாடன்.”

“இதுதானே மெட்டு?”

“மெட்டை அவளெல்லோ பாடினவள். கசற்றில ரெண்டு பேர் பாடினவங்கள். உன்ர குரல் மேல ஏறாது. அதால நீ கீழ உள்ளதைப் பிடிச்சனி, அவள் மற்றதை எடுத்தவள்.”

“அப்ப மற்றப் பாட்டுகள்?”

“எல்லாம் அப்பிடித்தான்.”

“ஏன் எனக்கு ஒருத்தரும் சொல்லேல்ல?”

“உனக்குத் தெரியுமெண்டெல்லோ நினைச்சனாங்கள்” என்றார் செபமாலை. கேலி பேச வாய் திறந்த ஒருவர் றெனால்டின் முகத்தைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டார்.

றெனால்ட் பிறின்சியின் மெட்டைத் தேடிப் பார்த்தார். வரவில்லை. அவள் வாய் திறந்த நேரமெல்லாம் இவரும் வாய் திறந்துதானே இருந்தார்? கசற்றிலும் தன் பங்குக்குத்தான் காது கொடுத்தார்; பாடும்போது தன் குரலைத்தான் கேட்டிருக்கிறார்.

“எனக்குத் தெரியாது பிள்ளை” என்றார் போனைப் பார்த்து. “கொம்மா பாடினது எனக்குத் தெரியாது.”

கிருஷிகா பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு அவளே பாடத் தொடங்கினாள். தகப்பன் கொட்டிலுக்குப் போன நேரங்களில் தாய் தொட்டிலடியில் பாடியதைப்போல மெதுவாக. இவர் பழக்கத்தில் கீழ்க்குரலைப் பிடிக்கப் பார்த்தார். போனில் சத்தம் பிந்திப் பிந்தி வந்தது, சேரவில்லை. இரண்டு தரம் முயன்றார். அதற்குப் பிறகு கிற்றாரை மடியில் கவிழ்த்து வைத்துவிட்டுக் கேட்டுக்கொண்டிருந்தார்.

முற்றத்துச் சனம் அவர் அழுவார் என்று பார்த்துக்கொண்டிருந்தது. அவர் அழவில்லை. பாட்டு முடிந்ததும் போனுக்குக் கிட்டக் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு, “இன்னொருக்காப் பாடு மகள். நான் இதைக் கேட்டதே இல்லை” என்றார்.