குறிஞ்சிப்பிட்டியில் ஒட்டிய செலோ

வெள்ளிக்கிழமை, காலை 5.30

வெள்ளவத்தையிலிருந்து எங்கள் வான் வண்டி புறப்பட்டது. செலோவுக்கு ஒரு முழு இருக்கை. எனக்கோ கமராப் பெட்டிகளுக்கும் தண்ணீர்ப் போத்தல்களுக்கும் நடுவில் அரை இருக்கை. மொழிபெயர்க்கப் போகிறவளுக்குக் கிடைக்கும் மரியாதை அவ்வளவுதான் என்று முணுமுணுத்துக்கொண்டே ஏறினேன்.

செலோ, வயலினுக்குப் பெரியண்ணன். நிலத்தில் ஊன்றி, முழங்கால்களுக்கு நடுவே பிடித்து, வில்லால் வாசிப்பார்கள். அதை வாசிப்பவள் சுமையா, வயது பதினேழு. நெதர்லாந்தில் வளர்ந்தவள். இளம் செவ்வியல் இசைக் கலைஞர்களுக்கான உலகப் போட்டி ஒன்றில் இறுதிச் சுற்றுக்குத் தேர்வான ஆறு பேரில் அவளும் ஒருத்தி. இறுதிச் சுற்று ஒன்பது நாட்கள் கழித்து ஜப்பானில். பல நாட்டுத் தொலைக்காட்சிகளில் நேரடியாகக் காட்டுவார்கள். ஒவ்வொரு பிள்ளையும் வாசிக்குமுன் அவர்களுடைய வேர் எங்கே என்று மூன்று நிமிடப் படம் ஒன்றும் வருமாம். அந்த மூன்று நிமிடத்துக்காகத்தான் ஒரு வெளிநாட்டு இயக்குநர், ஒரு கமராக்காரர், சுமையா, அவளுடைய உம்மா ஹசீனா, நான் ஆகிய ஐவரும் கல்பிட்டிப் பக்கம் போனோம்.

ஹசீனா மன்னாரில் பிறந்தவர். தொண்ணூறில் அங்கிருந்த முஸ்லிம்கள் எல்லோரும் ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டபோது அவருக்கு ஐந்து வயது. பன்னிரண்டு வயது நானா, அதாவது அண்ணன், அவரைத் தோளில் தூக்கி வந்தாராம். அந்த நானா ரசீன் இப்போது குறிஞ்சிப்பிட்டியில் பைபர் போட், அதாவது கண்ணாடியிழைப் படகு, கட்டுகிறார், உடைந்த போட்களைத் திருத்துகிறார். "நானாக்கு எதையும் உடைஞ்ச மாதிரி விட ஏலாது," என்று ஹசீனா வழியில் சிரித்துக்கொண்டு சொன்னார். அப்போது நானும் சேர்ந்து சிரித்தேன்.

காலை 9.40

சிலாபத்தில் தேநீர் குடித்து, பாலாவிச் சந்தியில் இடப்பக்கம் திரும்பினோம். நுரைச்சோலையில் அனல்மின் நிலையத்தின் புகைபோக்கி தெரிந்ததும் இயக்குநர் துள்ளிக் குதித்தார். கடல், புகைபோக்கி, நடந்துபோகும் சிறுமி. அவருக்கு அந்தப் படம் வேண்டுமாம். மணலில் சுமையாவை முன்னும் பின்னும் பதினான்கு தடவை நடக்கவிட்டார். கரையோரம் இரண்டு கழுதைகள் நின்று வேடிக்கை பார்த்தன. நானும் கிட்டத்தட்ட அந்த வேலையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

வான் வெயிலில் நின்றது. சாரதி டீசல் மிச்சம் பிடிக்க இயந்திரத்தை நிறுத்திவிட்டு வேலி நிழலில் படுத்துக்கொண்டார். ஒன்றே முக்கால் மணி நேரம். செலோ உள்ளே இருந்தது. ஒருவருக்கும் அது தோன்றவில்லை.

பகல் 12.05

பாலாவியிலிருந்து முப்பது கிலோமீற்றருக்குச் சற்று மேல் வந்தால் குறிஞ்சிப்பிட்டி. பாதையின் இருபக்கமும் வெங்காயமும் பீற்றூட்டும், அவற்றுக்கு நீர் தெளிக்கும் குழாய்களும். ரசீனின் வீடு ஓட்டுக் கூரை போட்ட, மாபிள் பதித்த வீடு. இயக்குநர் குடிசையை எதிர்பார்த்திருந்தார் போலும், முகம் வாடிவிட்டது. எனக்கு மிகவும் சந்தோஷமாக இருந்தது.

முன்னறையில் சுமையா பெட்டியைத் திறந்தாள். திறந்தவள் அப்படியே நின்றாள். செலோவின் அடிப்பக்கத்தில், பக்கவாட்டுப் பலகையும் பின்பலகையும் சேரும் இடத்தில், ஒரு சாண் நீளத்துக்கு ஒட்டு விட்டு வாய் பிளந்திருந்தது. இயக்குநருக்கு முகம் வெளுத்தது. அந்த வாத்தியம் ஓர் அறக்கட்டளை இரவலாகக் கொடுத்தது, வயது நூற்றைம்பதுக்கு மேல்.

சுமையா பதறவில்லை. "இது சாதாரணம். சூட்டுக்குப் பசை இளகிவிட்டது. மரம் வெடிக்காமல் ஒட்டு மட்டும் விடட்டும் என்றுதான் இலேசான பசை போடுகிறார்கள். கொழும்பில் வயலின் திருத்துகிறவர் ஒருவர் இருக்கிறார். அந்தப் பசையால் இன்று மாலையே ஒட்டித் தருவார்," என்று ஆங்கிலத்தில் இயக்குநருக்கு விளக்கினாள்.

வாசலில் தொப்பியும் கையுமாக ஜும்ஆத் தொழுகைக்குப் புறப்பட்டு நின்ற ரசீன் என்னைப் பார்த்தார். "மிஸ், புள்ள என்ன சொல்றா?"

எனக்கோ பசி. விடியற்காலையிலிருந்து அந்த இயக்குநரின் கதையைக் கேட்டுக் கேட்டுத் தலைவலி வேறு.

"ஒண்டுமில்ல. ஒட்டு விட்டுப் போச்சாம். ஒட்டினாச் சரியாம்," என்றேன்.

அவள் சொன்ன அத்தனையையும் ஆறு சொல்லாகச் சுருக்கினேன். கொழும்புக்காரரையும் விட்டேன், இலேசான பசையையும் விட்டேன். இந்தப் பயணத்தில் நடந்த அத்தனைக்கும் முதல் காரணம் நான்தான் என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

பகல் 2.00

சாப்பாடு சஹனில். பெரிய தட்டில் குவித்த சோற்றைச் சுற்றி ஆறு பேர் உட்கார்ந்து ஒரே தட்டில் கைவைத்துச் சாப்பிடுவது. ஆறு பேரும் வந்தபின்தான் கைவைப்பார்கள். பெண்களுக்கு உள்ளறையில் ஒரு சஹன், ஆண்களுக்குக் கூடத்தில் ஒன்று. ஆண்கள் பக்கம் ஐந்து பேர் இருந்தார்கள். ஜும்ஆ முடிந்து முதல் ஆளாகத் திரும்பியிருந்த ரசீனைக் காணவில்லை. செலோ இருந்த முன்னறையை ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. சோறு ஆறியது. பள்ளிவாசல் பக்கம் படம் பிடித்துவிட்டு வந்த இயக்குநர் தட்டையும் பக்கத்தில் இருந்தவர்களையும் மாறி மாறிப் பார்த்தார்.

கடைசியில் பின்பக்கத்தால் வந்தார் ரசீன். கை முழங்கை வரை மண்ணெண்ணெய் போட்டுக் கழுவிய வாசம். அதற்கு அடியில் வேறொரு நெடி, நகப்பூச்சைப் போல மூக்கில் ஏறியது. உள்ளறைக் கதவோரம் இருந்த எனக்கே அடித்தது.

"சுணங்கிட்டு, குறை நினைக்காதீங்க. காயும் வரைக்கும் பாத்துட்டு நிண்டன்," என்றார்.

என்ன காயும் வரைக்கும்?

சாப்பாடு முடிய எல்லோரையும் பின்கொட்டகைக்குக் கூட்டிப்போனார். கவிழ்த்துப் போட்ட போட் ஒன்றின் மேல் சாக்கு விரித்து, அதன்மேல் செலோவைக் கிடத்தியிருந்தார். ஒட்டு விட்ட இடம் தெரியவில்லை. அதற்கு மேல் உள்ளங்கை அகலத்தில், ஒன்றரைச் சாண் நீளத்துக்கு, போட்டின் ஓட்டையை அடைப்பது போலவே பைபர் நார் வைத்து, காய்ந்தால் கல்லாகும் ரெசின் பசையை ஊற்றித் தேய்த்திருந்தார். மஞ்சளாக, கண்ணாடிபோல், வெயிலில் மினுங்கியது. வேலை என்று பார்த்தால் ஒரு குறை சொல்ல முடியாது. ஓரங்களை உப்புத்தாள் போட்டு வழவழப்பாக்கியிருந்தார்.

"இனி வெடிக்காது, மகள். கடல்ல போட்டாலும் சொட்டுத் தண்ணி புகாது."

ஹசீனா சுவரைப் பிடித்துக்கொண்டார். நூற்றைம்பது வருட மரத்தில் போட்டுக்கு ஊற்றும் ரெசின்! என் வாயால் வந்த வினை.

சுமையா கிட்டப் போனாள். ரெசினைத் தடவிப் பார்த்தாள். பிறகு மாமாவின் முகத்தைப் பார்த்தாள்.

"நல்லா இருக்கு மாமா. மிச்சம் நன்றி."

"வாசிச்சுப் பாருங்களேன். சத்தம் மாறிட்டோ தெரியா."

அங்கேயே ரெசின் வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து வாசித்தாள். எனக்கு இசை தெரியாது. ஆனால் காலையில் வானில் ஏறுமுன் அவள் சும்மா இழுத்துப் பார்த்த அந்த நாதம் காதில் இருந்தது. இது தலையணைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு கதைப்பதைப் போல இருந்தது.

"மாறல்ல மாமா," என்றாள் சுமையா. ரசீன் சிரித்த சிரிப்பை இயக்குநர் படம் பிடித்தார்.

மாலை 4.15

நுரைச்சோலை தாண்டியதும் சுமையா பெட்டியைத் திறந்தாள். ரெசினின் ஓரத்தை இரண்டு கைகளாலும் பெயர்த்துப் பார்த்தாள். அது அசையவில்லை. ஹசீனா அந்தக் கைகளைப் பிடித்துக்கொண்டு அழுதார்.

"அன்ரி, மாமாக்கு சொல்ல வேணாம். ஒருநாளும் சொல்ல வேணாம்," என்றாள் என்னிடம்.

சத்தியம் செய்து கொடுத்தேன். அன்றிரவு கொழும்புத் திருத்துநர் செலோவைப் பார்த்துவிட்டுக் கதிரையில் உட்கார்ந்துவிட்டார். ரெசின் மரத்துக்குள் ஊறிவிட்டது, பெயர்த்தால் பலகையோடுதான் வரும், மாதக்கணக்கில் வேலை என்றார். செலோ அவரிடமே தங்கியது. ஜப்பானில் யாரோ ஒருவரின் வாத்தியத்தை இரவல் வாங்கி, பழகாத அந்த மரத்தில் எட்டே நாளில் கைபழகி மேடை ஏறவேண்டும் என்பது சுமையாவின் நிலை.

ஒன்பது நாட்களுக்குப் பிறகு, ஞாயிறு, பகல் 1.20

இம்முறை பஸ்ஸில் தனியாக வந்தேன். பாலாவி வரை அறுநூற்றைம்பது ரூபாய், அங்கிருந்து கல்பிட்டி பஸ்ஸில் நூற்றெழுபது. முன்னேஸ்வரம் கோயிலுக்குப் போகும் கூட்டம் சிலாபத்தில் இறங்கிய பின்தான் இருக்கை கிடைத்தது. ஹசீனா ஜப்பானிலிருந்து அழைத்து, "நானாவுக்குப் பக்கத்தில யாராவது இங்கிலீஷ் தெரிஞ்ச ஆள் இருக்கணும். நீங்க போங்களேன்," என்று கேட்டிருந்தார். மாட்டேன் என்று சொல்ல எனக்கு என்ன யோக்கியதை?

ரசீன் வீட்டுக் கூடத்தில் அயல் முழுக்கக் கூடியிருந்தது. ஜப்பானில் இரவு ஏழு மணி, இங்கே பகல் மூன்றரை. நான்காவதாகச் சுமையாவின் மூன்று நிமிடப் படம் வந்தது. புகைபோக்கி வந்தது, கழுதை வந்தது, கொட்டகையில் ரசீனின் சிரிப்பும் வந்தது. கூடம் கைதட்டியது. நான் கதிரையின் நுனியில் இருந்தேன். இனி அவள் வேறொரு செலோவோடு வருவாள், இவர் பார்ப்பார். எத்தனை பொய் சொன்னால் சமாளிக்கலாம் என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன்.

சுமையா வந்தாள். உட்கார்ந்தாள். கமரா கிட்டப் போனது.

செலோவின் அடிப்பக்கத்தில், அதே இடத்தில், அதே அளவில், மஞ்சளாக ஓர் ஒட்டு.

"இந்தா, மாமாட ஒட்டு!" என்று கூடம் எழுந்தது. அந்த ஒட்டுப் போட்ட செலோ கொழும்பில் ஒரு மேசைமேல் கிடப்பதை இரண்டு நாள் முன்புதான் கண்ணால் கண்டிருந்தேன். ரசீன் எழவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவள் வாசித்து முடிக்கும் வரை கண் இமைத்ததாகத் தெரியவில்லை.

மாலை 4.45

அஸர் தொழுதுவிட்டுக் கொட்டகைப் பக்கம் வந்தவர் என்னைக் கூப்பிட்டார்.

"மிஸ், ரெசின் வெளிச்சம் பட்டா மினுங்கும். நார் நூல்நூலாத் தெரியும். அது மினுங்கல்ல. ஓரத்தில மடிஞ்சும் இருந்திச்சு. அது டேப்."

கவிழ்ந்து கிடந்த போட்டில் சாய்ந்துகொண்டார்.

"அப்ப அது வேற சாமான். மத்தது கெட்டுப் போச்சா?"

சத்தியம் செய்திருந்தேன். ஆனாலும் முப்பது வருடம் ஓட்டை அடைத்த மனிதரிடம் ஓட்டையை மறைக்க என்னால் முடியவில்லை.

"ஓம்," என்றேன். "பிழை என்ட. அண்டைக்கு நான்தான் பாதியைச் சொல்லாம விட்டனான்."

"கை வச்சது நான்தானே, மிஸ்." போட்டின் விளிம்பில் நகத்தால் கீறிக்கொண்டே இருந்தார். "புள்ள எனக்காக வேற ஆள்ட சாமானில டேப் ஒட்டிட்டு உலகத்துக்கு முன்னால ஏறி இருக்கா. தோத்தா அது என்னால."

கையை எடுத்துவிட்டு, "அவவுக்கு சொல்லாதீங்க, நான் கண்டுபிடிச்சன் எண்டு," என்றார்.

"நான் போற வாற இடத்தைப் பத்தியெல்லாம் எழுதுறவள்," என்றேன்.

"எழுதுங்க. பேர மாத்திப் போட்டு எழுதுங்க. அவவுக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாதானே."

மாலை 5.45

முடிவு வந்தது. சுமையாவுக்கு இரண்டாமிடம். கூடம் ஆர்ப்பரித்தது. எந்த ஒட்டாலும் கெடாத கைபழகிய அந்தச் செலோவோடு போயிருந்தால் முதலாமிடமா, யார் கண்டது. அது எனக்குத் தெரியாது. ரசீனுக்கும் தெரியாது. அதுதான் அவரைத் தின்றது.

என்னைப் பாலாவிக்குக் கொண்டுபோக ஆட்டோ வாசலில் நின்றது. விடைபெறும்போது கைத்தொலைபேசி அடித்தது. திரையில் சுமையா, கண் வீங்கி, சிரித்துக்கொண்டு. பின்னால் யார்யாரோ கத்துகிறார்கள்.

"மாமா, பாத்தீங்களா? உங்கட ஒட்டு தெரிஞ்சதா?"

ரசீன் என் பக்கம் திரும்பவில்லை.

"பாத்தன் மகள். நல்லா மினுங்கிச்சு."