வியன்னாக்காரருக்கு ஒரு கேதம்

தமிழ்ப்படம் ஓடினால் எனக்குத் தையல் கோணிவிடும். வசனம் புரிந்ததும் கை நின்றுபோகும். சத்தமே இல்லாமல் இருந்தாலோ வீடு கடிக்க வருகிறது. வீட்டுக்காரர் தவறி நாலு வருசம், மகள் கோயம்புத்தூரில். பகலில் எங்கள் திருச்சுழித் தெருவே அருப்புக்கோட்டைக்கு வேலைக்குப் பஸ் ஏறிப் போய்விடும். அதனால் பிளவுஸ் தைக்கும்போது செல்போனில் புரியாத பாசைப் படமாகத் தேடிப் போடுவேன். அப்படி வந்து சேர்ந்தவைதான் ஆஸ்திரியா நாட்டுப் பழைய கருப்பு வெள்ளைப் படங்கள்.

அவற்றில் ஒரு மனுசர். கதாநாயகன் இல்லை. ஒன்றில் ஓட்டல் வாசலில் பெட்டி தூக்குவார், இன்னொன்றில் ரயிலில் டிக்கெட் கேட்பார், மற்றதில் பாதிரியார். வருவார், தொப்பியைக் கழற்றி ஏதோ சொல்வார், போய்விடுவார். இடது தோள் லேசாகத் தாழ்ந்திருக்கும். இவுகளுக்குச் சட்டை தைத்தால் அந்தப் பக்கம் அரை விரல் குறைக்கணும் என்று நினைத்துக்கொள்வேன். எந்தப் படம் போட்டாலும் அவர் வரும்வரை ஒரு கண் போனில்தான்.

ஒருநாள் பேரைக் கண்டுபிடித்துத் தேடினேன். போன் கல்லும் முள்ளுமான தமிழில் மாற்றிக் கொடுத்தது. வியன்னாக்காரர். அப்பா ரொட்டி சுட்டவர். யுத்தத்துக்கு முன்னால் மேடையில் பெரிய வேசமெல்லாம் கட்டியிருக்கிறார். யுத்தம் முடிந்து திரும்பினால் அவர் நடித்த கொட்டகை இடிந்து கிடக்கிறது. பிறகு சினிமாவில் கிடைத்ததெல்லாம் துண்டு வேசம். மனைவியும் போய், தனியாக இருந்து, வாசலில் பால் பாட்டில் சேர்ந்த பிறகுதான் அக்கம்பக்கத்தார் கதவைத் தட்டியிருக்கிறார்கள். நான் பிறக்கும் முன்பே நடந்தது. எனக்கு அவர் அன்றைக்குத்தான் இறந்த மாதிரி இருந்தது. என் வாசலில் பால் பாக்கெட் கிடந்தால் யார் பார்ப்பார்கள்?

அந்த நேரம் பார்த்து, தைத்த துணியை வாங்க வந்த பெண், "ஏன்க்கா கண்ணு செவந்திருக்கு?" என்றாள்.

"வேண்டிய மனுசர் ஒருத்தர் தவறிட்டாக" என்றேன். வாய் அப்படித்தான் வந்தது.

மத்தியானம் அவள் சொல்லிச் சேதி கேட்டு எதிர்வீட்டு மதினி தலையை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு வந்துவிட்டார். என் வீட்டுக்காரர் கருமாதிக்குப் பிறகு என் படியேறாதவர். சண்டையெல்லாம் இல்லை, அவரவர் பாடு.

"ஏன்டி, எனக்கு ஒரு வார்த்தை சொல்லிவிடக் கூடாதா? நான் செத்தா போயிட்டேன்?" கழுத்தைக் கட்டிக்கொண்டு அழுதார். "என்ன செஞ்சது அவுகளுக்கு?"

"தனியா இருந்தாக மதினி. யாருக்கும் தெரியல."

"எந்த ஊரு?"

"வியன்னா."

"நரிக்குடிக்கு அங்கிட்டா?"

பேசாமல் தலையாட்டியிருக்கலாம். என்னை ஒருவர் தொட்டு எத்தனை நாளாயிற்று! ஆனாலும் மனசு கேட்கவில்லை. போனை எடுத்துக் காட்டினேன்.

"வெள்ளக்காரனா? அடிப்பாவி! ஒன் சின்ன மாமனாருன்னுல்ல அழுதேன். இவனுக்கா எங் கண்ணீர வீணாக்குனேன்!" மதினிக்குச் சிரித்துச் சிரித்து இருமல் வந்துவிட்டது. நானும் சிரித்தேன். சிரித்து முடித்ததும் எழுந்து போய்விடுவாரே, இன்னும் நாலு வருசத்துக்கு வரமாட்டாரே என்று போனை அணைக்காமல் நீட்டியபடியே இருந்தேன்.

"சரி, போடு. வந்ததுக்கு அந்த மூஞ்சியவாவது பாப்போம்." வெட்டுத்துணிகளுக்கு நடுவில் உட்கார்ந்தார்.

அந்த மனுசர் தபால்காரராக வந்தார். பனி கொட்டுகிறது. கதவு திறந்தது. தொப்பியைக் கழற்றினார், ஏதோ சொன்னார், கதவு மூடியது.

"இவுகதானா? இனி வருவாகளா?"

"இந்தப் படத்துல அம்புட்டுத்தான் மதினி."

"களையான முகம். ஒரு வாய் காப்பித்தண்ணி குடுக்காமக் கதவச் சாத்துறாக பாரு" என்றார் மதினி. பிறகு எழுந்து கொண்டையை முடிந்தார்.

மற்ற நாளென்றால் வாசலைத் தாண்டுவதற்குள் மூன்று தடவை 'வாரேன்' சொல்லக்கூடியவர். சாவு விழுந்த கேத வீட்டில் அதைச் சொல்லக் கூடாது. மதினி சொல்லவில்லை. திரும்பியும் பார்க்காமல் தெருவைக் கடந்து, அவர் வாசல் குடத்துத் தண்ணீரில் காலைக் கழுவிவிட்டு உள்ளே போனார்.

அந்த மனுசருக்குக் கேதம் முறைப்படி நடந்துவிட்டது. எனக்குத்தான் அந்த ஒரு வார்த்தை வேண்டியிருந்தது.