சுஹைரா கேட்ட காவல்

புருஷன் மௌத்தான பிறகு கடையை விற்றுவிடு என்று சொன்ன அத்தனை பேரோடும் சண்டை பிடித்துத்தான் சுஹைரா அந்த ஹாட்வெயார்க் கடையின் முதலாளிக் கதிரையில் உட்கார்ந்தாள். குறிஞ்சாக்கேணியில் பிறந்தவள். கோபம் வந்தால் ஆள், இடம் பார்க்க மாட்டாள்.

துறைமுகத்தை ஒட்டிய அந்தத் தெருவில் எந்தக் கடைக்கு லொறி வந்தாலும் சாமான் இறக்குவது சுமை தூக்கும் நாட்டாமைச் சங்கத்து ஆட்கள்தான். மற்றவர்களைக் கைவைக்க விடமாட்டார்கள். சங்கத் தலைவர் உப்புவெளித் தவராசா. இரண்டாம் தடவையும் அவர்கள் இறக்கிய டைல்ஸ் பெட்டிகள் உடைந்து கிடந்தபோது சுஹைரா நியாயம் கேட்டாள்.

"உடைஞ்சது உடைஞ்சதுதான், தங்கச்சி. அனுப்பின கொம்பனியோட கதையுங்கோ" என்றார் தவராசா.

அன்றைக்கே முடிவெடுத்தாள். இனிக் கடை வேலையாட்களான கோகுலனும் றிகாஸும் இறக்கட்டும்.

அடுத்த லொறி வந்ததும் சங்கத்து ஆட்கள் அதைச் சுற்றி நின்றுகொண்டார்கள். ஒருவன் கோகுலனின் சட்டையைப் பிடித்து இழுத்ததில் தோள்பட்டைத் தையல் கிழிந்தது.

"என்ட சாமான என்ட ஆக்கள் இறக்க உங்கட உத்தரவு வேணுமா?" சுஹைரா தெருவில் இறங்கிக் கத்தினாள்.

"எங்கட வயித்தில அடிக்காதேங்கோ. நாங்கள் இல்லாமல் இங்க ஒரு பெட்டியும் இறங்காது" என்றார் தவராசா.

லொறி சுமையோடு திரும்பிப் போனது. சுஹைரா நேரே பொலிசுக்குப் போய் முறைப்பாடு கொடுத்துக் காவல் கேட்டாள்.

மறுநாள் லொறியோடு ஜீப்பும் வந்தது. ஒரு சார்ஜன், இரண்டு கான்ஸ்டபிள்கள். சங்கத்து ஆட்கள் எதிர்ப்பக்கம் ஒதுங்கினார்கள். பெட்டிகள் ஒவ்வொன்றாக இறங்கின. சுஹைராவுக்கு உள்ளுக்குள் சந்தோஷம்தான். பொலிசாருக்குத் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தாள்.

தவராசா மட்டும் தெருவைக் கடந்து வந்தார். கையில் ஒன்றுமில்லை. "ஐயா, உங்கட மேலதிகாரியோட ஒருக்காக் கதைக்க விடுங்கோ" என்றார். சார்ஜன் இடுப்பிலிருந்த தடிப் பொல்லை உருவினான். ஓங்கி அடித்தான். தலையைக் காக்கத் தவராசா தூக்கிய கை அப்படியே தொங்கிப் போனது.

"ஆரு உங்களுக்கு அடிக்கச் சொன்ன?" சுஹைரா பாய்ந்து வந்தாள். "காவலுக்குத்தானே கூப்பிட்டன்!"

"நீங்கதானே முறைப்பாடு போட்டது. இப்ப பாவம் பார்க்கிறீங்களா?"

பின்னேரம் அதே சார்ஜன் எழுதிய தாளோடு கடைக்கு வந்தான். தவராசா இரும்புக் கம்பியோடு அடிக்க வந்ததாக அவள் கையெழுத்துப் போட வேண்டுமாம்.

"நான் காணாததுக்கு ஒப்பம் வைக்க மாட்டன்."

"அப்ப இனி எங்களக் கூப்பிடாதீங்க."

"கூப்பிட மாட்டன். உங்களப் பத்திச் சொல்லத்தான் வருவன்."

பொலிசோடு பகைக்காதே என்று மைத்துனர் போனில் கெஞ்சினார். அவள் கடைக் கமராவில் பதிவானதை எடுத்துக்கொண்டு மேலதிகாரியிடமே போனாள்.

லொறித் தகராறு பற்றித் தொழில் கந்தோரில் அதிகாரி முன்னால் பேச்சுவார்த்தை நடந்தபோது தவராசா முறிந்த கையில் மாக்கட்டோடு எதிரே இருந்தார்.

"நீங்கள் பொலிசைக் கூப்பிட்டபடியாத்தானே என்ர கை முறிஞ்சது."

"உங்கட ஆள் கோகுலன்ட சட்டையக் கிழிச்சபடியாத்தான் கூப்பிட்டன். மன்னிப்புக் கேப்பன் எண்டு இருக்காதீங்க. அடிச்சதுக்குச் சாட்சி சொல்லுவன். அது வேற கதை."

இருவரும் மாறி மாறிக் கத்தி ஓய்ந்த பிறகு ஒரு வழி பிறந்தது. பெரிய லொறிகளைச் சங்கம் இறக்கும். உடைந்தால் சங்கமே பொறுப்பு. கடையிலிருந்து போகும் சாமானை அவளுடைய ஆட்கள் ஏற்றுவார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பாராமல் ஒப்பம் வைத்தார்கள்.

பொலிஸ் விசாரணையில் சார்ஜன் எல்லாவற்றையும் மறுத்தான். சுஹைரா கமராப் பதிவைப் போட்டுக் காட்டி, அவன் முகத்துக்கு நேரே நடந்ததைச் சொன்னாள். கடைசியில் அவனுக்குக் கிடைத்தது வேறு ஊருக்கு இடமாற்றம்.

அந்தச் செய்தியைக் கடைக்கு வந்து சொன்னவர் தவராசாதான். "இவ்வளவுதான் செய்வாங்கள், தங்கச்சி. விடுங்கோ."

"அங்க போய் இன்னொருத்தன்ட கைய முறிக்கவா?" சுஹைராவின் முகம் சிவந்தது. "உங்களுக்குப் போதுமெண்டா இருங்க. எனக்குப் போதாது."

கோகுலனைக் கடையில் இருக்கச் சொல்லிவிட்டு, மனித உரிமைகள் கந்தோரில் முறைப்பாடு கொடுக்க ஓட்டோ பிடித்தாள்.  மாக்கட்டுக் கையை நெஞ்சோடு அணைத்தபடி தவராசாவும் ஏறிக்கொண்டார்.