தொட்டிலில் முடிந்த சுவர்

எங்கள் ஊர்க்காரர்களுக்குக் கால் ஒரே பக்கமாகத்தான் திரும்பும். மலையைச் சுற்றினாலும் சரி, அரசமரத்துப் பிள்ளையாரைச் சுற்றினாலும் சரி, நடுவில் இருப்பது நம் வலக்கைப் பக்கம் இருக்க வேண்டும். தெருமுனைத் தண்ணீர்த் தொட்டியைக்கூட நான் அப்படிச் சுற்றிப் போவதைப் பார்த்து என் மகன் சிரித்திருக்கிறான். திருவண்ணாமலையில் பிறந்தவளுக்கு அது பழக்கம் என்றே தெரியாது, மூச்சு விடுவது மாதிரி. அதனால்தான் ஒரு முழுக் கதையை வருஷக்கணக்கில் வாலிலிருந்து தலைக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் என் வீட்டுக்காரர் கோயிலுக்குப் பக்கத்தில் ஒரு லாட்ஜில் மேனேஜர். மெட்ராஸிலிருந்தும் வெளிநாட்டிலிருந்தும் வந்து தங்குகிறவர்கள், கோயிலைப் பார்த்து மலையையும் சுற்றி முடித்த பிறகு, வேறென்ன பார்க்கலாம் என்று அவரைக் கேட்பார்கள். ஒருநாள் அவர், "எங்க வீட்ல சரித்திரம் படிச்சிட்டு சும்மாதான் இருக்கா, அனுப்பறேன்"னு சொல்லிவிட்டு வந்தார். கைக்குழந்தை, மாமனார், மாமியார், கறக்கிற எருமை எல்லாம் சேர்ந்ததுதான் அந்தச் 'சும்மா'. அன்றைக்கு அவருக்கு ரசத்தில் உப்புப் போடவில்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை காலையில் தலையை வாரிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

நான் காட்டியது சுவர்களை. கோயில் கோபுரத்தை எல்லோரும் அண்ணாந்து பார்ப்பார்கள்; தெருவோரச் சத்திரத்துச் சுவரில் பழைய காலத்தில் எழுதிய கல்யாண ஊர்வலத்தை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அதன் மேல் சைக்கிளைச் சாய்த்து வைத்திருப்பார்கள். குளத்தங்கரை மண்டபத்தின் கூரையில் நாட்டியப் பெண்கள் வரிசையாக இருந்தார்கள். கீழே சமைத்துச் சமைத்து ஏறிய புகையில் முகம் கறுத்து, கால் சலங்கை மட்டும் பளிச்சென்று தெரியும். இப்படி ஒவ்வொன்றாக நடந்து, கடைசியில் அடி அண்ணாமலைக்குப் போகிற வழியில் இருக்கும் ஒரு கல் மண்டபத்தில் முடிப்பேன். பக்கத்துக் கடைக்காரர்கள் அதைப் 'பொம்மை மண்டபம்' என்பார்கள்.

இந்த நடைக்கு எனக்குத் துணை என் ஓர்ப்படி. என் வீட்டுக்காரரின் அண்ணன் மனைவி. நான் அக்கா என்று கூப்பிடுவேன். பிறந்த ஊர் கீழ்பென்னாத்தூர். அங்கிருந்து வரும் வேர்க்கடலையை அவித்துத் தூக்குவாளியில் எடுத்துக்கொண்டு கடைசி ஆளாக வருவார். கூட்டத்திலிருந்து யாராவது வளையல் கடைக்குள் நழுவினால் கையைப் பிடித்து இழுத்து வந்துவிடுவார். வெள்ளைக்காரர்களிடமும் தமிழில்தான் பேசுவார். அவர்களும் சொன்னபடி கேட்பார்கள். எனக்கு வராத அதட்டல் அவருக்கு இருந்தது.

அவருக்குக் குழந்தை இல்லை. கல்யாணமாகிப் பல வருஷம். வளைகாப்பு வீடுகளில் எல்லோரும் வளையல் போட்டு முடிக்கிற வரைக்கும் அவர் பின்கட்டில் பாத்திரம் துலக்கிக்கொண்டிருப்பார். வா என்று யாரும் கூப்பிட மாட்டார்கள், அவரும் வர மாட்டார். என் வளைகாப்பிலும் அதுதான் நடந்தது. அன்றைக்கு எனக்குப் போட்ட வளையல் சத்தம் எனக்கே பிடிக்கவில்லை.

பொம்மை மண்டபத்தின் நடுவில் ஒரு பூட்டிய அறை உண்டு. அந்த அறையின் வெளிச்சுவர் நாலிலும் சுற்றிச் சுற்றி ஓவியம். கதவுக்கு இடப்பக்கம் தொடங்கி, அறையை வலக்கைப் பக்கம் வைத்துக்கொண்டு ஒரு சுற்றுச் சுற்றினால் கதவுக்கு வலப்பக்கம் வந்து முடியும். எழுத்து எதுவும் மிச்சமில்லை. எந்தப் புத்தகத்திலும் அதைப் பற்றி நான் பார்த்ததில்லை. அதனால் படத்தைப் பார்த்து நானே கதையைப் பிடித்துக்கொண்டேன்.

முதலில் காட்டில் ஒருவர் ஆடையில்லாமல் தனியாக நிற்கிறார். காலில் கொடி சுற்றியிருக்கிறது. தவம் செய்கிற ரிஷி. அடுத்ததில் தலைமுடியை இரண்டு கையாலும் பிடித்திருக்கிறார். ஜடையைச் சிக்கெடுக்கிறார், போதும் தவம், வீட்டுக்குப் போ என்று சாமி சொல்லிவிட்டது என்பேன். பிறகு பல்லக்கில் ஊருக்கு வருகிறார், கிரீடம் வைக்கிறார்கள், கல்யாணம் நடக்கிறது. கடைசியில், கதவுக்கு வலப்பக்கம், ஒரு தொட்டில். சிவப்புத் துணி, மேலே கிளி, பக்கத்தில் கன்னத்தில் கைவைத்துச் சிரிக்கும் தாய். எத்தனை தவம் செய்தாலும் வீட்டில் தொட்டில் ஆடுகிற சுகம் வருமா என்று கேட்டு முடிப்பேன். கூட்டம் அப்படியே உருகிவிடும்.

ஒரே ஒரு இடம் இடித்தது. பல்லக்குத் தூக்கிகளின் முகம் காட்டைப் பார்த்து இருந்தது. ஒரு ஜெர்மன்காரர் அதைக் கண்டுபிடித்து, ஏன் இவர்கள் பின்பக்கமாக நடக்கிறார்கள் என்று கேட்டார். நான் அசரவில்லை. பெரியவர்களுக்கு முதுகு காட்டிப் போகக்கூடாது, தவம் செய்த காட்டுக்கு மரியாதை என்றேன். அவர் மிகவும் சந்தோஷப்பட்டு அதைப் படம் எடுத்துக்கொண்டார்.

மெட்ராஸிலிருந்து வந்த ஒரு பெண் அந்தத் தொட்டிலுக்கு எதிரிலிருந்த தூணில் கைக்குட்டையைக் கிழித்துத் தொட்டில் மாதிரி கட்டிவிட்டுப் போனாள். மறு வருஷம் குழந்தையோடு வந்து நின்றாள். அப்புறம் கேட்க வேண்டுமா. பௌர்ணமிக்கு மலை சுற்ற வருகிறவர்களெல்லாம் ஒரு எட்டு அங்கே நின்றார்கள். தூண் முழுக்க மஞ்சள் துணி, குட்டி மரத்தொட்டில். பக்கத்தில் இளநீர் விற்றவர் மரத்தொட்டிலும் விற்கத் தொடங்கினார். அக்கா இதையெல்லாம் பார்த்து, "உன் வாயாலயே ஒரு கோயிலக் கட்டிட்டடி"னு கிண்டல் செய்வார்.

கிண்டல் செய்தவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட்டம் இறங்கிப் போன பிறகும் வரவில்லை. திரும்பிப் போய்ப் பார்த்தேன். தன் புடவைக் கரையைக் கிழித்துத் தூணில் கட்டிக்கொண்டிருந்தார். நான் பார்க்காத மாதிரி வந்துவிட்டேன். வேலூரில் வைத்தியமும் நடந்தது. மாத்திரை, ஊசி எல்லாம் உண்டு. ஆனால் நாள் தள்ளிப்போனதும் அக்கா சொன்னது ஒன்றுதான்: "தொட்டில் குடுத்துச்சு."

ஏழாம் மாதம். வளைகாப்புக்கு நாள் குறித்தாகிவிட்டது. வீட்டில் எல்லோரும் வேண்டாம் என்றும் கேட்காமல் அந்த ஞாயிற்றுக்கிழமையும் அக்கா ஆட்டோ பிடித்து நேராக மண்டபத்துக்கு வந்துவிட்டார். கடலை வாளியோடு.

அன்று என்னோடு நடந்தது ஒரே குடும்பம். ஆரணிப் பக்கத்து கிராமத்து நயினார்கள், விவசாயம் பார்க்கும் சமணர்கள். பொழுது சாய்வதற்குள் வீடு போய்ச் சாப்பிட்டுவிட வேண்டும், சீக்கிரம் முடித்துவிடுங்கள் என்று வரும்போதே சொல்லியிருந்தார்கள். அவர்களில் ஒரு பெரியம்மா, வெள்ளைப் புடவை, தடித்த கண்ணாடி. மண்டபத்தில் ஏறியதும் கதவுக்கு முன்னால் ஒரு நிமிஷம் நின்றார். பிறகு நேராகக் கதவின் வலப்பக்கம் போய், தொட்டிலிலிருந்து நடக்கத் தொடங்கினார்.

நான் பின்னாலேயே ஓடினேன். "அம்மா, அந்தப் பக்கம் வேணாங்க. வலமா வாங்க"ன்னேன்.

"சுத்தறதுக்கு அப்படித்தாம்மா போவணும். கதை இந்தப் பக்கம்தான் ஆரம்பிக்குது"ன்னார். "எங்க ஊருக் கோயில்லயும் இதே எழுதியிருக்குது. இது எங்க சாமி கதை."

நான் வாயைத் திறப்பதற்குள் அவர் பேரப்பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொண்டே போனார். குழந்தை பிறக்கிறது. வளர்ந்து கல்யாணம். ராஜாவாகிறான். ஒருநாள் எல்லாம் போதும் என்று தோன்றுகிறது. பல்லக்கில் காட்டுக்குப் போகிறான். அங்கே தன் தலைமுடியைத் தானே கையால் பிடுங்கி எறிகிறான். பிறகு நின்றது நின்றபடி தவம். நான் சிக்கெடுத்துக்கொண்டிருந்த தலையில் முடியே மிஞ்சவில்லை. பல்லக்குத் தூக்கிகள் ஒழுங்காக முன்னால்தான் நடந்திருக்கிறார்கள், பாவம். எழுதியவர், நாம் எழுதுவது போல, இடமிருந்து வலமாக எழுதிக்கொண்டே போயிருக்கிறார். அறையை வலக்கைப் பக்கம் வைத்துச் சுற்றினால் அது கடைசியிலிருந்துதான் வரும். வெறுமனே நின்று பார்த்திருந்தால் பள்ளிக்கூடப் பிள்ளைக்கே புரிந்திருக்கும். எங்கள் ஊர்க் கால்தான் நிற்க விடவில்லை.

வேறு நாளாக இருந்தால் நானே சிரித்திருப்பேன். அக்காவைப் பார்த்தேன். வயிற்றில் கை வைத்தபடி, பல்லக்குப் படத்துக்கு எதிரில் நின்றிருந்தார். அந்தப் படத்தின் ஓரத்தில், ஊர் வாசலில், ஒரு பெண் வெறுங்கையோடு நிற்கிறாள். அவளைப் பற்றி நான் எப்போதும் வரவேற்க வந்தவள் என்று சொல்வேன்.

"இது யாருங்க?"ன்னு அக்கா கேட்டார்.

"அம்மாக்காரிம்மா. புள்ள போறான் இல்ல"ன்னார் பெரியம்மா. சொன்ன பிறகுதான் அக்காவின் வயிற்றைக் கவனித்தார். கையைப் பிடித்துக்கொண்டு, "கதைம்மா. மனசுல வெச்சுக்காத"ன்னார்.

திரும்பும்போது ஆட்டோவில் அக்கா கடலை வாளியை மடியில் வைத்து வெளியே பார்த்துக்கொண்டே வந்தார். எனக்கு அழுகை வந்தது. அந்தப் பெரியம்மா மேல் கோபம் வந்தது, எழுதியவர் மேல் வந்தது, என் வீட்டுக்காரர் மேலும் வந்தது. அவர்தானே முதலில் என்னை அனுப்பினார். மாமியாருக்கு விஷயம் தெரிந்ததும், வயிற்றுப் பிள்ளைக்காரி காதில் விழக்கூடாதது விழுந்துவிட்டது என்று உப்பு, மிளகாய் சுற்றிப் போட்டார். அக்கா அதற்கும் உட்கார்ந்து எழுந்தார். சோறு தின்றார், பால் கறந்தார், சும்மா இருந்தார். அவர் சும்மா இருந்ததை அதற்கு முன் நான் பார்த்ததே இல்லை.

இனி அந்த மண்டபத்தை விட்டுவிடுவது என்று முடிவு செய்தேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பெங்களூர்க் கூட்டம் ஒன்று வந்தது. குளத்தங்கரையோடு முடித்துவிட்டு, அவ்வளவுதான் என்று கும்பிடு போட்டேன். பின்னாலிருந்து வாளிச் சத்தம் கேட்டது.

"இன்னாது அவ்ளோதான்? மண்டபம் யாரு காட்டுவா?" அக்கா நின்றிருந்தார். தெருமுனையில் ஆட்டோ காத்திருந்தது.

"வேணாங்கா"ன்னேன்.

"நீ வர்லன்னா நானே காட்டுவேன்."

காட்டினார். மண்டபத்தில் ஏறியதும் முதலில் எல்லோரையும் வழக்கம்போல அறையை வலமாக ஒரு சுற்றுச் சுற்ற வைத்தார். "இது சாமிக்கு"ன்னார். பிறகு அவர்களைத் திருப்பித் தொட்டிலுக்கு முன்னால் நிறுத்தினார். "இது கதைக்கு. இங்கிருந்துதான் ஆரம்பம்." கல்யாணம், கிரீடம், பல்லக்கு, முடி, காடு என்று ஒன்று விடாமல் பெரியம்மா சொன்னபடியே சொன்னார். வாசலில் நிற்கும் பெண்ணையும் விடவில்லை. "இவதான் பெத்தவ"ன்னார்.

கூட்டத்தில் ஒரு பெண் அக்காவின் வயிற்றைப் பார்த்துவிட்டு, இவ்வளவு ஆசையாகப் பெற்ற பிள்ளை கடைசியில் விட்டுவிட்டுப் போகிறதே, உங்களுக்கு வருத்தமாக இல்லையா என்று கேட்டாள்.

அக்கா வாளியைத் தரையில் வைத்தார். "வாரம் முழுக்க அதத்தாம்மா யோசிச்சேன். போற புள்ளைய அப்புறம் பார்த்துக்கலாம். இத்தினி வருஷம் எனக்கு எல்லாம் முடிஞ்சுபோச்சுன்னே சொன்னாங்க. இந்த செவுரு ஒண்ணுதான் தொட்டில்ல ஆரம்பிக்குதுன்னு சொல்லுது." பிறகு வாளியைத் திறந்து, "கடல சாப்புடுங்க, சூடு ஆறிடும்"ன்னார்.

வளைகாப்பன்று அவரை மணையில் உட்கார வைத்து முதல் வளையலை நான் போட்டேன். பெண் குழந்தை பிறந்தது. காட்டுக்குப் போகிற கவலை பாதி கம்மி என்று அக்கா சொல்லிச் சிரித்தார். மூன்றாம் மாதம் அவளைத் தூக்கிக்கொண்டு மண்டபத்துக்குப் போனபோது, கதவுக்கு எதிரில் நின்று, எந்தப் பக்கம் போவது என்று என்னைப் பார்த்தார். நான் கதவின் வலப்பக்கம், தொட்டிலைப் பார்த்துத் திரும்பினேன். வாழ்க்கையில் முதல்முறையாக அந்தப் பக்கம் திரும்ப என் கால் தயங்கவில்லை.