கோச்சும் கோச்சியும்

சுவிஸில், ஷ்லீரன் என்ற ஊரில் ஒரு மண்டபத்தில் சாமத்திய வீடு. அப்பாவின் பழைய தொழிற்சாலைக் கூட்டாளி ஒருவருடைய மகள் பெரியபிள்ளையானதற்கு. வீட்டில் தனியாக இருந்தால் கைபேசியையே பார்த்துக்கொண்டிருப்பேன் என்றுதான் நானும் போனேன். அதற்கு முதல் நாள்தான், அமெரிக்காவில் கீழ்மட்டத் தொழில்முறை பேஸ்போல் அணி ஒன்று, பந்தெறிபவர்களுக்குப் பயிற்சி கொடுக்க வருகிறாயா என்று கேட்டிருந்தது. மறுநாள் மாலைக்குள் பதில் வேண்டுமாம். பக்கத்து நகரமான பாடனில் எனக்கு நிரந்தர வேலை ஒன்று காத்திருந்தது. அமெரிக்காவுக்கு ஓம் என்றால் அது போய்விடும்; அமெரிக்க வேலையோ ஒரு பருவத்துக்கு மட்டும்தான்.

இதற்காகத்தானே இவ்வளவு காலம் ஓடினேன்? பள்ளிக்கூட வயதில் பேஸ்போலில் பந்தெறிய ஆரம்பித்தேன். முழங்கை போனது. சத்திரசிகிச்சைக்குப் பிறகு எறிய முடியாமல், எறிகிற சின்னப் பிள்ளைகளுக்குப் பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுத்தேன். பிறகு எங்கள் விளையாட்டுக் கழகத்தின் பெரிய அணிக்குப் பயிற்சி; கூடவே பல்கலைக்கழகத்தில் உடலசைவு பற்றிய படிப்பு. தோளுக்கு முன் இடுப்பு திரும்புகிறதா, பந்தை விடும்போது விரல் எங்கே நிற்கிறது என்று வீடியோவை மெதுவாக ஓடவிட்டுப் பார்த்தால் எனக்குப் பசிகூடத் தெரியாது. ஆனால் அந்த அழைப்பு வந்ததும் ஒன்றுமே தோன்றவில்லை. பல் பிடுங்க ஊசி போட்ட வாய் மாதிரி மரத்துப்போய் இருந்தேன்.

மண்டபத்தில் பாட்டுச் சத்தம். நான் மாமா என்று கூப்பிடும் ஒருவர் அப்பாவுக்குப் பக்கத்தில் வந்து இருந்தார்.

“தம்பி இப்ப என்ன செய்யிறார்?”

“கோச்,” என்றார் அப்பா.

“என்னது, கோச்சியோ?”

எங்கள் பேச்சில் கோச்சி என்றால் ரயில். அப்பா திருத்துவார் என்று பார்த்தேன். அவர் ரோல்ஸை ஒரு கடி கடித்துவிட்டு, “ஓம், கோச்சிதான்,” என்றார்.

“அட! கோச்சி ஓட்டுறாரோ! இஞ்சை அதுக்குப் பெரிய படிப்பெல்லோ!” மாமா என் தோளில் தட்டினார். “ஏன் தம்பி, காலமை என்ரை கோச்சி ஒவ்வொரு நாளும் பிந்துது. உது நீர்தானோ?”

“நான் இல்லை, மாமா.”

மேசையே சிரித்தது. எனக்குக் கோபம் வந்திருக்கவேண்டும். வரவில்லை. இவ்வளவு காலத்துக்குப் பிறகும் அப்பாவுக்கு என் வேலையைவிட அந்த ரயில்தான் சொல்ல இலகுவாக இருக்கிறது என்பது மட்டும் தெளிவாகத் தெரிந்தது. இங்கே இருந்தாலும் இப்படியேதான் இருக்கும்.

எழுந்து, மேலங்கிகள் தொங்கும் இடத்துக்குப் போய், வருகிறேன் என்று அந்த அணிக்கு எழுதி அனுப்பினேன். திரும்பி வந்தபோது மாமா சோற்று வரிசைக்குப் போயிருந்தார்.

“அப்பா, அமெரிக்காவுக்குப் போறன். மாசியிலை. ஓம் எண்டு சொல்லிப்போட்டன்.”

“பாடன் வேலை?”

“விடுறன்.”

அவர் கையைத் துடைத்தார். நிறைய நேரம் துடைத்தார்.

“கொம்மாட்டை நீயே சொல்லு,” என்றார்.

அம்மா மேடையில் படத்துக்கு நின்றுகொண்டிருந்தார். படம் எடுப்பவர் என்னையும் கையசைத்துக் கூப்பிட்டார். ஏறிப் பக்கத்தில் நின்று காதில் சொன்னேன்.

“படம் எடுத்து முடியட்டும், பேந்து கதைப்பம்,” என்றார் அம்மா, சிரிப்பைக் கலைக்காமல். நானும் சிரித்தேன்.